ஜோக்ஜாவை பெச்சாக்கில் சுற்றலாமா? கேள்வி பதில்

யோக்யகர்த்தா, ஜாவாத் தீவின் பழைய அரச நகரம். ஊர்க்காரர்களுக்கு அது ஜோக்ஜா. வேலை காரணமாக அங்கே சில வருடம் குடியிருந்தேன். அந்த ஊர் மிதி ரிக்‌ஷாவான பெச்சாக்கில் ஊர் சுற்றுவது பற்றி நிறையப் பேர் கேட்டிருக்கிறீர்கள். ஒரே மாதிரி வந்த கேள்விகளை ஒன்றாக்கிப் பதில் சொல்கிறேன்.

கேள்வி (கோவை): நம் ஊரில் முன்பு ஓடிய சைக்கிள் ரிக்‌ஷாதானே இது? நாங்கள் நாலு பேர், ஒரே வண்டியில் போக முடியுமா?

பதில்: அதே மூன்று சக்கரம்தான், ஆனால் முன்பின்னாக மாறியிருக்கும். நம் ரிக்‌ஷாவில் ஓட்டுபவரின் முதுகைப் பார்த்துக்கொண்டு போனோம். இங்கே நீங்கள் முன்னால், அவர் பின்னால். இரண்டு சக்கரம் உங்கள் பக்கம், ஒன்று அவருக்குக் கீழே. நீங்கள் உட்கார்ந்திருக்கும் கூடுதான் அவருக்கு ஹேண்டில்பார், அதைத் திருப்பித்தான் வண்டியைத் திருப்புவார். பினாங்கில் டிரைஷா ஏறியவர்களுக்கு இது புதிதாக இருக்காது. முன்னால் எந்த மறைப்பும் இல்லை என்பதால் தெரு முழுக்கத் தெரியும். எதிரே வரும் பைக்கை முதலில் சந்திக்கப்போவதும் உங்கள் முழங்கால்தான், அதற்கு நான் பொறுப்பில்லை. பெரியவர்கள் இரண்டு பேருக்கு மேல் வேண்டாம், மடியில் ஒரு குழந்தை சரி. நாலு பேருக்கு இரண்டு வண்டி எடுங்கள்.

கேள்வி (திருச்சி): வாடகை எப்படி? பேரம் பேசலாமா?

பதில்: மீட்டர் கிடையாது. ஏறும் முன்பே பேசி முடித்துவிட வேண்டும். 10,000 ரூபியா நம் காசில் சுமார் ஐம்பது ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு கிலோமீட்டர், ஒன்றரை கிலோமீட்டர் போக 20,000 முதல் 30,000 கொடுக்கலாம். இரண்டு மூன்று இடம் பார்ப்பதென்றால் இடத்துக்கு இவ்வளவு என்று பேசாதீர்கள், மணிக்கு இவ்வளவு என்று பேசுங்கள். மணிக்கு 50,000 முதல் 75,000 வரை நியாயம் என்பது என் கணக்கு. காத்திருக்கும் நேரமும் அதில் அடக்கமா, தொகை ஆளுக்கா வண்டிக்கா என்பதை அப்போதே கேட்டுக்கொள்ளுங்கள். இறங்கும்போது வருகிற சண்டைகளில் பாதி இந்த இரண்டைப் பற்றித்தான். பேரம் பேசுவது அங்கே தப்பே இல்லை, சிரித்துக்கொண்டு பேசினால் போதும். ஆனால் 5,000 ரூபியாவுக்காகப் பத்து நிமிடம் வெயிலில் நின்று மல்லுக்கட்டுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். அது நம் இருபத்தைந்து ரூபாய்!

கேள்வி (சென்னை): அண்ணா, போன தடவை மாலியோபோரோ தெருவில் ஒருவர் "10,000 ரூபியாதான், எல்லா இடமும் காட்டுகிறேன்" என்று கூப்பிட்டார். சந்தேகமாக இருந்தது, ஏறவில்லை. ஏறியிருக்கலாமா?

பதில்: ஏறியிருந்தால் எல்லா இடமும் பார்த்திருக்க மாட்டாய் தம்பி, எல்லாக் கடையும் பார்த்திருப்பாய். அவ்வளவு மலிவாகக் கூப்பிட்டால் உன்னைக் கொண்டுபோய் விடுகிற கடையில் அவருக்குக் கமிஷன் இருக்கிறது என்று அர்த்தம். பெரும்பாலும் இரண்டு வகைக் கடை. ஒன்று பக்பியா கடை. பாசிப்பருப்புப் பூரணம் வைத்துச் சுட்ட சின்னப் பண்டம் அது, பத்துக் என்ற பகுதியில் வீதி முழுக்க அதுதான். இதில் பெரிய நஷ்டம் இல்லை, எப்படியும் ஊருக்கு ஒரு பெட்டி வாங்கத்தான் போகிறோம். இன்னொன்று பத்திக் ஓவியக் கூடம், மெழுகிட்டுச் சாயம் ஏற்றும் துணி ஓவியம் அது. "மாணவர்களின் கண்காட்சி, இன்றுதான் கடைசி நாள்" என்பார்கள். அந்தக் கடைசி நாள் வருஷம் முழுக்க நடக்கும். உள்ளே டீ கொடுத்து, மெழுகால் கோடு இழுக்கும் விதத்தைப் பொறுமையாகக் காட்டி, அப்புறம் விலை சொல்வார்கள். அச்சடித்த துணியைக் கையால் வரைந்தது என்று தள்ளிவிடுவதும் நடக்கும். கையால் மெழுகிட்ட துணியில் உருவம் பின்பக்கமும் ஏறக்குறைய அதே அழுத்தத்தில் தெரியும், கோடுகள் ஒன்றுபோல ஒன்று இருக்காது. பத்திக் வாங்கும் ஆசை இருந்தால் பெரிங்ஹார்ஜோ சந்தையில் நிதானமாகச் சுற்றி வாங்கு.

இன்னொரு தந்திரமும் உண்டு. "அரண்மனை இன்று மூடியிருக்கிறது, வேறு இடம் போகலாம்" என்பார்கள். திங்கட்கிழமை என்றால் உண்மையாகவே இருக்கலாம். மற்ற நாளில் வாசல்வரை போய்ப் பார்த்துவிட்டு நம்பு.

இதையெல்லாம் வைத்து அவர்களைத் திருடர்கள் என்று நினைக்க வேண்டாம். மிதித்துக் கிடைக்கும் காசில் பிழைப்பு ஓடாததால் வந்த ஏற்பாடு இது. "கடை வேண்டாம், அதற்குப் பதில் கூலி நல்லபடி தருகிறேன்" என்று முதலிலேயே சொன்னால் முக்கால்வாசிப் பேர் சந்தோஷமாக ஒத்துக்கொள்வார்கள்.

கேள்வி (மதுரை): ஒரு நாள்தான் இருக்கிறது. எங்கே ஏறி எங்கே இறங்குவது?

பதில்: வடக்கே ஏறி தெற்கே இறங்குங்கள். காரணம் சொல்கிறேன். ஊருக்கு வடக்கே மெராப்பி எரிமலை, தெற்கே கடல். நிலம் மலையிலிருந்து கடலை நோக்கிக் கண்ணுக்குத் தெரியாமல் சரிந்துகொண்டே போகிறது. நமக்கு அது தெரியாது, மிதிப்பவரின் காலுக்குத் தெரியும். தெற்கே போகும்போது வண்டி வழுக்கிக்கொண்டு போகும், திரும்பும்போது மூச்சு வாங்கும். மாலியோபோரோவிலும் வண்டிகள் வடக்கிலிருந்து தெற்கேதான் போகும்.

ஊரைக் கட்டிய விதமும் அதே திசையில்தான். 1755இல் கியாந்தி உடன்படிக்கையால் மாத்தராம் அரசு இரண்டாகப் பிரிந்தபோது முதலாம் ஹமெங்குபுவோனோ சுல்தான் இந்த நகரத்தை எழுப்பினார். வடக்கே துகு தூண், நடுவில் கிராத்தோன் எனப்படும் அரண்மனை, தெற்கே கிராப்யாக் வேட்டை மேடை, மூன்றும் மலைக்கும் கடலுக்கும் நடுவே ஒரே கோட்டில் வைக்கப்பட்டவை. 2023இல் இந்த அச்சுக்கோடு யுனெஸ்கோ பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. ஆக, பெச்சாக்கில் தெற்கே போனால் சுல்தான் போட்ட கோட்டின் மேலேயே போகிறீர்கள்.

காலை ஏழு மணிக்குள் துகுவில் ஏறுங்கள். முதலில் கட்டிய தூண் 25 மீட்டர் உயரம். 1867 நிலநடுக்கத்தில் அது விழுந்துவிட, 1889இல் டச்சுக்காரர்கள் 15 மீட்டரில் திரும்பக் கட்டினார்கள். பத்து மீட்டரை மிச்சம் பிடித்துவிட்டார்கள்! அங்கிருந்து ரயில் நிலையத்தைத் தாண்டி மாலியோபோரோ. நடைபாதைக் கடைகளை 2022இல் தனிக் கட்டடங்களுக்கு மாற்றிவிட்டதால் இப்போது தெரு அகலமாகத் தெரிகிறது. பழைய நெரிசலை விரும்பிய என்னைப் போன்றவர்களுக்குக் கொஞ்சம் வெறிச்சென்றும் தெரிகிறது. தெருவின் தெற்கு முனையில் ஒரு பக்கம் டச்சுக் கோட்டை, எதிரே ஜனாதிபதி மாளிகை. 1946 முதல் 1949 வரை இந்தோனேசியக் குடியரசின் தலைநகரம் இந்த ஊர்தான் என்பதை அங்கே நின்று நினைத்துக்கொள்ளுங்கள்.

எட்டரை மணிக்கு அரண்மனை திறக்கும். பிற்பகலில் சீக்கிரமே மூடிவிடுவார்கள், அதனால் இதை மதியத்துக்குத் தள்ள வேண்டாம். வெறுங்காலோடு நடமாடும் அரண்மனைச் சேவகர்களையும், காலையில் நடக்கும் கமெலான் இசையையும் பார்க்காமல் கிளம்பாதீர்கள். அடுத்து தாமான் சாரி, 1758 வாக்கில் தொடங்கிய அரச நீராட்டு மாளிகை. குளத்தை மட்டும் படமெடுத்துவிட்டுத் திரும்புகிறவர்கள் அதிகம். பின்னால் சந்து வழியாகப் போனால் நிலத்தடியில் வட்டமான பழைய மசூதி இருக்கிறது, நடுவில் படிகள் வந்து கூடும் இடம் அருமை. அங்கே பெச்சாக் போகாது, நடக்கத்தான் வேண்டும்.

கடைசியில் அரண்மனையின் தெற்கு மைதானத்தில் இறங்கி ஓட்டுநரை அனுப்பிவிடுங்கள். திரும்பி வர டாக்ஸி பிடித்துக்கொள்ளலாம். முன்பெல்லாம் அதற்கும் தெற்கே, அரண்மனைக் கோட்டையின் காடிங் வாயில் வழியாக வண்டி போகும். கோட்டை வாயில் பழுதுபடுகிறது என்று 2025இல் போக்குவரத்தை நிறுத்திவிட்டார்கள். ஆட்சியில் இருக்கும் சுல்தான் உயிரோடு இருக்கும்வரை அந்த வாயிலைக் கடப்பதில்லை, இமோகிரி அடக்கத்தலத்துக்குக் கொண்டுபோகும்போதுதான் கடப்பார் என்பது மரபு.

கேள்வி (யாழ்ப்பாணம்): ஐயா, அறுபது வயதுக்காரர் மிதிக்க, நாங்கள் சாய்ந்து உட்கார்ந்திருப்பது மனதை உறுத்துகிறது. இதில் ஏறலாமா?

பதில்: உறுத்தத்தான் செய்யும், உறுத்தாவிட்டால்தான் யோசிக்க வேண்டும். ஆனால் நீங்கள் ஏறாமல் போனால் அவருக்கு ஓய்வு கிடைக்காது, அன்றைய வருமானம் போகும், அவ்வளவுதான். மரத்தடியில் வண்டிக்குள்ளேயே சுருண்டு தூங்குகிறவர்களை மதியத்தில் பார்ப்பீர்கள். அது ஓய்வல்ல, சவாரி இல்லாத நேரம்.

நான் ஏறுவேன், சில கட்டுப்பாடுகளோடு. பெட்டிகளை ஏற்ற மாட்டேன். உச்சிவெயிலில் போக மாட்டேன். மேடு வந்தால் இறங்கி நடப்பேன். பேசியதற்கு மேலே கொஞ்சம் சேர்த்துக் கொடுப்பேன். இரக்கப்பட்டு ஏறி, முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு உட்கார்ந்து வருவதைவிட, அவரை வழிகாட்டியாக நடத்துங்கள். ஊரில் எந்தச் சந்து எங்கே போய் முட்டும் என்பது அவருக்கு அத்துப்படி.

கேள்வி (ஈரோடு): மோட்டார் வைத்த பெச்சாக்கும் இருக்கிறதாமே, அது வேகமாகப் போகுமே?

பதில்: இருக்கிறது, மிதி வண்டியைவிட அதுதான் கண்ணில் அதிகம் படும். மிதி வண்டியின் பின்பாதியை எடுத்துவிட்டு மோட்டார் பைக்கைப் பற்றவைத்திருப்பார்கள். சட்டப்படி அதற்கு அனுமதி இல்லை. 2016இல் மாகாண அரசு கொண்டுவந்த விதி மிதிக்கும் பெச்சாக்கையும் ஆந்தோங் என்ற குதிரை வண்டியையும்தான் பாரம்பரிய வாகனமாக ஏற்கிறது. வேகம் வேண்டுமென்றால் ஆப்பில் கார் கூப்பிடலாமே, இது எதற்கு? புகையும் சத்தமும் வேறு. சமீப காலமாக மின்மோட்டார் துணையோடு மிதிக்கும் வண்டிகளை அரசு கொடுக்க ஆரம்பித்திருக்கிறது. வயதானவர்களுக்கு அதுதான் சரி என்று படுகிறது. ஜகார்த்தாவில் இந்த யோசனை வரவில்லை. 1980களில் அங்கே பெச்சாக்குகளைப் பறிமுதல் செய்து ஆயிரக்கணக்கில் கடலில் போட்டார்கள்.

கேள்வி (சேலம்): ஜோக்ஜாவுக்கும் நமக்கும் வரலாற்றில் ஏதாவது தொடர்பு உண்டா சார்?

பதில்: உண்டு, ஆனால் பெருமைப்படும்படி இல்லை. 1811இல் ஜாவாவைப் பிடிக்கக் கிளம்பிய ஆங்கிலப் படையின் ஒரு பகுதி சென்னையிலிருந்துதான் கப்பலேறியது. அடுத்த வருடம், 1812 ஜூனில், ஜாவாவின் ஆங்கிலேயத் துணை ஆளுநர் ராஃபிள்ஸ் ஆட்சியில் ஆங்கிலேயர்கள் இந்த அரண்மனையைத் தாக்கிச் சூறையாடினார்கள். கையெழுத்துச் சுவடிகளையும் அள்ளிக்கொண்டு போனார்கள். அந்தப் படையில் இந்தியச் சிப்பாய்கள் பெருமளவில் இருந்ததால் ஜாவாக்காரர்கள் அதைச் சிப்பாய்க் கலவரம் என்ற பொருளில்தான் இன்றும் குறிப்பிடுகிறார்கள். அரண்மனைக் கோட்டையின் நாலு மூலைக் கொத்தளங்களில் வடகிழக்கு மூலை அன்று தகர்ந்தது. "பொஜோக் பெத்தெங்" என்று சொன்னால் ஓட்டுநர் மூலை மூலையாகக் கூட்டிப்போவார்.

கேள்வி (கும்பகோணம்): கோத்தாகெடேக்கு பெச்சாக்கில் போகலாமா? சைவச் சாப்பாடு கிடைக்குமா?

பதில்: கோத்தாகெடே ஐந்தாறு கிலோமீட்டர் தள்ளி. அங்கே காரில் போய் இறங்கி, அந்த ஊருக்குள் பெச்சாக் எடுங்கள். பதினாறாம் நூற்றாண்டின் மாத்தராம் தலைநகரம் அது, வெள்ளிக் கம்பி வேலை செய்யும் வீடுகள் நிறைய. ஜாவா நாட்காட்டியில் வாரத்துக்கு ஐந்து நாள், அதில் லெகி என்ற நாளில் அங்கே சந்தை கூடும். அன்று போனால் கூட்டத்தில் வண்டி நகராது, ஆனாலும் அன்றுதான் போக வேண்டும். அரச சமாதிக்குள் நுழைய ஜாவா உடை கட்டாயம், அங்கேயே வாடகைக்குக் கிடைக்கும்.

சாப்பாட்டில் ஒரு எச்சரிக்கை. குடெக் என்பது பிஞ்சுப் பலாக்காயைத் தேங்காய்ப்பாலிலும் பனை வெல்லத்திலும் மணிக்கணக்கில் வேகவைத்தது. கேட்டால் சைவம் மாதிரி இருக்கும். ஆனால் தட்டில் கோழியும், கிரெசெக் என்ற மாட்டுத்தோல் குழம்பும் சேர்ந்தே வரும். சட்னிகளில் இறால் விழுது இருக்கும். டெம்பே (புளிக்கவைத்த சோயாக் கட்டி), தோஃபு கேட்டு வாங்குங்கள். எல்லாமே இனிக்கும், ஊறுகாய்ப் பாக்கெட்டை மறக்க வேண்டாம்.

கேள்வி (நெல்லை): பாஷை தெரியாதே, ஓட்டுநரோடு எப்படிப் பேசுவது?

பதில்: வயதானவரை "பாக்" என்று கூப்பிடுங்கள், இளைஞர் என்றால் "மாஸ்". "பெராப்பா?" என்றால் எவ்வளவு. மெதுவாகப் போகச் சொல்ல "பெலான் பெலான்". அதற்கு மேல் கைபேசியில் தொகையை அடித்துக் காட்டினால் போதும். ஜோக்ஜாக்காரர்கள் வழி சொல்லும்போது இடது வலது என்பதைவிட வடக்கு தெற்கு என்றுதான் சொல்வார்கள். நம் கிராமத்துப் பெரியவர்களோடு வளர்ந்தவர்களுக்கு இது சுலபம்.

கேள்வி (புதுச்சேரி): போரோபுதூர் புத்தக் கோயிலுக்கு பெச்சாக்கில் போக முடியுமா?

பதில்: சுமார் நாற்பது கிலோமீட்டர். யாராவது சரி என்று சொன்னால் ஏறாதீர்கள். காரில் போங்கள்.