முராகியின் மரமும் மண்ணும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவாவின் கலை இயக்குநர் யோஷிரோ முராகி, கேமராவுக்குத் தெரியாத இடத்தையும் அசலாகக் கட்டுவார் என்கிறார்கள். அது வீண் செலவு இல்லையா? குறும்படங்களுக்கு செட் போடுகிறவன் என்பதால் கேட்கிறேன்.

க.

அன்புள்ள க.,

குரோசாவா படமெடுத்த முறையில் அது வீண் இல்லை. ‘செவன் சாமுராய்’ (1954) தொடங்கி ஒரே காட்சியைப் பல கேமராக்களில் ஒரே சமயத்தில் எடுத்தார். ஒரு கேமரா என்றால் எதிர்ச் சுவரைக் கழற்றி வைத்துவிடலாம். மூன்று நின்றால் எந்த மூலை ஃபிரேமில் விழும் என்று யார் சொல்வது? போதாததற்கு டெலிபோட்டோ லென்ஸ். பின்சுவரை நடிகரின் தோளருகே இழுத்து வந்துவிடும்.

முராகி (1924–2009) உதவியாளராக இருந்து 1955இல் தனிப்பொறுப்புக்கு வந்தவர். ‘த்ரோன் ஆஃப் பிளட்’ கோட்டையை ஃபூஜி மலைச்சரிவில் எழுப்பினார்கள். முற்றம் மட்டும் ஸ்டூடியோவில். அதற்கு ஃபூஜியின் கரிய எரிமலை மண்ணையே கொண்டுவந்து கொட்டினார்கள். கறுப்பு வெள்ளைப் படத்திலும் தரையின் சாயல் மாறினால், மலைச்சரிவு ஷாட்டிலிருந்து ஸ்டூடியோ ஷாட்டுக்குத் தாவும் வெட்டு துருத்தும். ‘ரெட் பியர்ட்’ (1965) மருத்துவமனைக்குப் பழைய மரம். வாசல் கூரைக்கு நூறாண்டு கடந்த ஓடுகள்.

பழைய மரம் கிடைக்காதபோது புது மரத்தில் பழுப்பு பெயின்ட் அடிப்பதுதான் வழக்கமான தப்பு. மரத்தில் மென்பகுதி முதலில் தேய்ந்து ரேகை மேலெழும். அந்த மேடுபள்ளத்தை பெயின்ட் தராது. மேற்பரப்பை டார்ச்சால் லேசாகக் கருக்கி, ரேகையின் போக்கிலேயே கம்பி பிரஷால் தேயுங்கள். கரியை ஈரத்துணியால் துடைத்து, காய்ந்தபின் மெழுகு பூசுங்கள். துடைப்பதில் சோம்பினால் கரி உடையில் ஒட்டி, கன்டினியுட்டி (ஷாட்டுக்கு ஷாட் தோற்றம் மாறாதிருப்பது) கெடும். தூணில் கை படும் உயரம், கதவு விளிம்பு, வாசற்படி நடு ஆகியவை மட்டும் பளபளத்தால் போதும். எங்கும் ஒரே பளபளப்பு என்றால் ஹோட்டல் லாபிதான். பிளைவுட்டில் இதைச் செய்யாதீர்கள், மெல்லிய மேல் தகடு பிளந்துவிடும்.

முராகிக்கு ஆஸ்கர் கிடைக்கவேயில்லை. நான்கு பரிந்துரைகளில் ‘யோஜிம்போ’வுக்கானது உடை வடிவமைப்புக்கு! மற்றவை ‘டோரா! டோரா! டோரா!’, ‘ககேமுஷா’, ‘ரான்’. ‘ரான்’ கோட்டையை நிஜமாகவே கட்டிக் கொளுத்தினார்கள். மினியேச்சர் இல்லை, இரண்டாவது டேக்கும் இல்லை.

உங்களிடம் ஒரே கேமரா என்றால் நான்காவது சுவர் வேண்டாம். அந்தக் காசைத் தரைக்குப் போடுங்கள். குறும்பட செட்டுகளில் முதலில் பல்லிளிப்பது தரைதான்.