வாசகர் கேள்வி பதில்: இபனீமா பாட்டும் 120 டாலரும்

கேள்வி: ஆர்ச்சர்ட் ரோடு பக்கம் எந்த கஃபேக்குப் போனாலும் ‘தி கேர்ள் ஃப்ரம் இபனீமா’ ஓடுகிறது. தூக்கக் கலக்கத்தில் பாடுவது போலப் பாடும் அந்தப் பெண் யார்? கோடி கோடியாகச் சம்பாதித்திருப்பாரே?
– வாசகி, ஈசூன்

பதில்: அஸ்ட்ரூட் ஜில்பெர்டோ. அந்தப் பாட்டு போசா நோவா, அதாவது சம்பாவும் ஜாஸும் கலந்த மென்மையான பிரேசில் இசை. கோடியெல்லாம் இல்லையம்மா. 1940இல் பிரேசிலின் சால்வடோரில் பிறந்து ரியோவில் வளர்ந்தவர். 1963 மார்ச்சில் கணவர் ஜோவாவ் ஜில்பெர்டோ, அமெரிக்க சாக்ஸபோன் கலைஞர் ஸ்டான் கெட்ஸுடன் ஆல்பம் பதிவுசெய்ய நியூயார்க் போனபோது இவரும் கூடப் போனார். அதுவரை ஓர் இசைத்தட்டில்கூடப் பாடியதில்லை. ஆங்கிலத்தில் பாட ஆள் வேண்டும், ஜோவாவுக்கு ஆங்கிலம் ஓடாது, இவருக்கு ஓடும், பாடினார், அவ்வளவுதான். அடுத்த வருடம் வானொலிக்கு ஏற்றபடி பாட்டைச் சுருக்கியபோது யார் பகுதியை வெட்டினார்கள் தெரியுமா? கணவர் போர்த்துகீசிய மொழியில் பாடியதை! மனைவியின் குரல் அமெரிக்கப் பட்டியலில் 5ஆம் இடத்துக்குப் போனது, 1965இல் கிராமி விருதும் வந்தது. ஆனால் ஆல்பத்தின் முன்னட்டையில் அவர் பெயர் கிடையாது, பாடியதற்கு 120 டாலர்தான் கிடைத்தது என்பார்கள்.

அதற்குள் திருமணமும் முறிந்தது. அமெரிக்காவிலேயே தங்கி, பல மொழிகளில் பாடி, தன் பெயரிலேயே ஆல்பங்கள் போட்டார். பிரேசில் பத்திரிகைகளோ பாராட்டுவதற்குப் பதிலாகத் திட்டித் தீர்த்தன (உள்ளூர்க்காரர் வெளியூரில் ஜெயித்தால் சிலருக்கு வயிறு எரியும், அது எந்த ஊரிலும் உண்டு). 2023 ஜூனில் பிலடெல்பியாவில் காலமானார், வயது 83.

கேள்வி: அப்படியானால் வெளிநாடு போன போசா நோவா கலைஞர்கள் எல்லாருமே ஏமாந்தவர்கள்தானா?
– வாசகர், ஜூரோங் வெஸ்ட்

பதில்: இல்லவே இல்லை. பிரேசில் பியானோ கலைஞர் செர்ஜியோ மெண்டிஸைப் பாருங்கள். 1964 ராணுவப் புரட்சிக்குப் பிறகு பிரேசிலை விட்டுக் கிளம்பியவர், 1966இல் ‘மாஷ் கி நாடா’ பாட்டை உலகமே முணுமுணுக்க வைத்தார். அதைப் பாடிய லானி ஹால் சிகாகோக்காரர், போர்த்துகீசிய வரிகளை ஒலியை மட்டும் கேட்டு உருப்போட்டுப் பாடினார். மெண்டிஸ் தன் பெயரையே குழுவுக்கு வைத்துக்கொண்ட கெட்டிக்காரர் என்பதையும் கவனியுங்கள். 2024இல் லாஸ் ஏஞ்சலிஸில் இறக்கும்வரை மேடையை விட்டுப் பெரிதாக விலகவில்லை.

கேள்வி: ஐயா, மகன் கித்தாரும் கையுமாக இருக்கிறான். போசா நோவா கற்க வெளிநாடு போகிறானாம். நம்ம ஊர்ப் பிள்ளைக்கு இதெல்லாம் சரிப்படுமா?
– ஒரு தகப்பனார், தெம்பனிஸ்

பதில்: ஏன் சரிப்படாது? சிங்கப்பூர்ப் பெண் ஒலிவியா ஓங் ஜப்பானுக்குப் போய், 2005இல் அங்கேதான் போசா நோவா ஆல்பம் போட்டார். ஜப்பானில் இந்த இசைக்கு அவ்வளவு மவுசு, ஜோவாவே 70 வயதுக்கு மேல் டோக்கியோ போய்க் கச்சேரி செய்திருக்கிறார். அதனால் பிரேசில்தான் போக வேண்டும் என்று பையன் பிடிவாதம் பிடிக்க வேண்டியதில்லை.

ஆனால் கித்தாரை அவன் எப்படி வாசிக்கிறான் என்று கொஞ்சம் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். கட்டைவிரல் சம்பா (பிரேசில் நடன இசை) மேளம் மாதிரி பிசகாமல் அடிதாளம் போட வேண்டும், மற்ற விரல்கள் அந்த அடிக்குக் கொஞ்சம் முன்னும் பின்னுமாகத் தந்தியை இழுக்க வேண்டும், வாய் அதைக் கண்டுகொள்ளாமல் பேசுகிற தொனியில் பாட வேண்டும். மூன்றும் தனித்தனியாகப் போனால் பையன் தேறிவிடுவான், ஒன்றையொன்று இழுத்தால் இன்னும் ஒரு வருடம் வீட்டிலேயே பழகட்டும், விமானச் செலவு மிச்சம். அதுசரி, என்எஸ் (கட்டாயத் தேசிய சேவை) முடித்துவிட்டானா? அதை எழுதவே இல்லையே நீங்கள்.