மாமன் எங்கே?

கேள்வி: இலங்கைத் தமிழில் தந்தையின் தாயை அப்பாச்சி என்று அழைக்கிறோம். அமெரிக்காவின் அப்பாச்சி மக்களுக்கும் தாய்வழிக் குடிகள் உண்டு, மணமகன் பெண் வீட்டோடு போய் வாழ்கிறான், பெண் பூப்பெய்தினால் சடங்கு செய்கிறார்கள். இவை மூன்றும் எங்கள் மட்டக்களப்பிலும் உள்ளவை. அவர்கள் கடல் கடந்த தமிழர்களே என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. பள்ளி மலருக்கு இதைக் கட்டுரையாக எழுதலாமா?
— ஓர் ஆசிரியர், மட்டக்களப்பு

பதில்: முதலில் அந்தப் பெயரை முடித்துவிடுவோம். அப்பாச்சி மக்கள் தங்களை அப்பாச்சி என்று அழைத்துக்கொண்டவர்கள் அல்லர். அது அண்டை அயலார் வைத்த பெயர். பக்கத்தில் வாழ்ந்த ஸூனி மக்களின் மொழியில் ‘பகைவர்’ என்று பொருள்படும் சொல்லிலிருந்து வந்தது என்பதே பரவலான கருத்து. 1598-இல் ஸ்பானியத் தளபதி ஒன்யாத்தே அதை ஏட்டில் ஏற்றினார், பிறகு அதுவே நிலைத்துவிட்டது. தங்களை அவர்கள் ‘இந்தே’ என்பார்கள். மக்கள் என்று பொருள். பகைவன் வைத்த பெயரைப் பிடித்துக்கொண்டு பாட்டி உறவு கொண்டாடப் புறப்பட்டிருக்கிறீர்கள். அவர்கள் மொழியின் உறவினர்களைத் தேடினால் வடக்கே கனடா, அலாஸ்கா வரை போக வேண்டும். அங்குள்ள அதபாஸ்கன் மொழிகள்தாம் அதற்கு அக்கா தங்கை. பக்கத்திலேயே நவஹோ இருக்கிறது. தமிழ் எந்தத் திசையிலும் இல்லை.

உங்கள் தவறுக்கு ஒரு கௌரவமான முன்னோடி உண்டு என்பதையும் சொல்லிவிட வேண்டும். லூயிஸ் ஹென்றி மார்கன் என்ற அமெரிக்க அறிஞர் நியூயார்க் பகுதியில் வாழ்ந்த செனகா மக்களின் உறவுப் பெயர்களைத் திரட்டினார். பிறகு ஆர்க்காடு மிஷனைச் சேர்ந்த ஸ்கடர் ஒருவரிடம் தமிழ் உறவுப் பெயர்களைக் கேட்டறிந்தார். பெரியப்பாவும் அப்பா, சித்தியும் அம்மா, மாமனும் அத்தையும் தனி! செனகா முறையும் அப்படியே இருக்கக் கண்டு மார்கன் திகைத்துப்போனார். அமெரிக்கப் பூர்வகுடிகள் ஆசியாவிலிருந்து வந்தவர்கள் என்பதற்குச் சான்று கிடைத்துவிட்டதாகவே நம்பி, 1871-இல் தடித்த நூல் ஒன்றை வெளியிட்டார். உறவுப் பெயர்களின் ஒற்றுமை இரத்த உறவுக்குச் சான்றாகாது என்பது பின்னால் தெளிவானது. மார்கனாவது ஊர் ஊராகப் படிவம் அனுப்பி விடை வாங்கினார். வாட்ஸ்அப்காரர் அதையும் செய்யவில்லை.

இனி தாய்வழிக் குடி. அப்பாச்சிகள் ஒரே கூட்டத்தார் அல்லர். அரிசோனாவின் மேற்கு அப்பாச்சிகளுக்குத் தாய்வழிக் குடிகள் உண்டு. 1930-களில் அவர்களிடையே ஆய்வு செய்த கிரென்வில் குட்வின் சுமார் 60 குடிகளைக் கணக்கெடுத்தார். குழந்தை தாயின் குடியைச் சேரும், ஒரே குடிக்குள் மணம் கிடையாது. குடிப்பெயர்கள் பெரும்பாலும் இடப்பெயர்கள்; முன்னோர் சோளம் விதைத்த நிலத்தின் பெயரே குடியின் பெயர். ‘தனித்து நிற்கும் ஜூனிபர் மரத்தார்’ என்று ஒரு குடிக்குப் பெயர். இதுவரை உங்கள் மட்டக்களப்புக் குடிமுறைக்குப் பக்கத்தில்தான் வருகிறது, மறுக்கவில்லை. ஆனால் சிரிக்காவா, மெஸ்கலேரோ மக்களுக்குக் குடியே கிடையாது. தாய்வழி, தந்தைவழி இரண்டையும் சமமாகவே எண்ணுவார்கள். கோச்சிஸ், ஜெரோனிமோ என்று உலகம் அறிந்த போர்த்தலைவர்களின் பெயர்களெல்லாம் இந்தச் சிரிக்காவாக்களுடையவை. உங்கள் வாட்ஸ்அப் செய்தியில் ஜெரோனிமோவின் படம்தான் இருந்திருக்கும், பந்தயம் கட்டுகிறேன்.

சிரிக்காவா மொழியில் தாயோடு பிறந்தவர் ஆணோ பெண்ணோ, ஒரே சொல். தந்தையோடு பிறந்தவர்களுக்கு இன்னொரு சொல், அதிலும் ஆண் பெண் பேதமில்லை. அதாவது மாமனும் பெரியம்மாவும் ஒருவரே, அத்தையும் சித்தப்பாவும் ஒருவரே. இவர்கள் அனைவரின் பிள்ளைகளும் உடன்பிறந்தவர்களே! மாமன் மகள் தங்கை. அவளை மணந்தால் முறைகேடு என்பதோடு நிற்காது. முறைகேடான உறவு சூனியக்காரர்களின் அடையாளம் என்று கருதிய சமூகம் அது. தமிழ் உறவுமுறையே மாமன், அத்தை என்ற இரண்டு முளைகளில் கட்டிய கொடி. முறைப்பெண், மச்சான், கொழுந்தி எல்லாம் அங்கிருந்துதான் தொங்குகின்றன. அந்த இரண்டு முளைகளும் இல்லாத இடத்தில் எந்தத் தமிழரைக் கண்டீர்கள்?

(ஹிகாரியா, லிப்பன் அப்பாச்சிகளிடம் தாய்மாமனுக்குத் தனிச்சொல் உண்டு என்று யாராவது எழுதுவதற்குள் நானே சொல்லிவிடுகிறேன். அந்த முறை நவஹோவை ஒட்டியது.)

ஒன்றை மட்டும் மனமுவந்து விட்டுக்கொடுக்கிறேன். சிரிக்காவாக்களில் தாத்தாவும் பேரனும் ஒருவரையொருவர் ஒரே சொல்லால் அழைப்பார்கள். பாட்டனின் பெயரைத் தாங்குபவனைப் பெயரன் என்ற நமக்கு அது உடனே புரியும். புரிவதால் சொந்தமாகிவிடாது.

வீட்டோடு மாப்பிள்ளை விஷயத்துக்கு வாருங்கள். மணமகன் பெண்ணின் தாய் வீட்டருகே குடியேறுவான், உண்மை. ஆனால் மாமியாரின் முகத்தை அவன் பார்க்கக் கூடாது, பேசக் கூடாது. அவள் வருகிறாள் என்றால் இவன் விலகிப் போக வேண்டும். இது பகையால் அல்ல, மரியாதையால். விலக்கு வேண்டாத மற்ற மாமியார் வீட்டாரோடு பேசுவதற்கென்றே சிரிக்காவா மொழியில் தனியான மரியாதை வினைவடிவம் உண்டு. அந்த வீட்டுக்காக வேட்டையாடி இறைச்சி கொண்டுவருவதும் அவன் கடமை. நம் மாமியார் கதைகளை அவர்களிடம் சொன்னால், பார்க்காமலே இருந்திருக்கலாமே என்பார்கள்.

உறவுமுறை தெரியாமல் வரலாற்றைப் படித்தால் என்ன ஆகும் என்பதற்கு ஜெரோனிமோவே சாட்சி. 1906-இல் வெளியான தன்வரலாற்றில், நான்கு ஆண், நான்கு பெண் என எட்டுப் பிள்ளைகளில் தான் ஒருவர் என்கிறார். அவர் வரலாற்றை ஆராய்ந்த ஏஞ்சி டெபோ, உடன்பிறந்த சகோதரி ஒருத்தியே, மற்றவர்கள் நாம் ஒன்றுவிட்டவர்கள் என்போமே, அந்த முறையினர் என்று கண்டார். ஜெரோனிமோ பொய் சொல்லவில்லை. அவர் மொழியில் இருவருக்கும் ஒரே சொல், அவ்வளவுதான்.

அமெரிக்க அரசுக்கு இந்த நுணுக்கமெல்லாம் தேவைப்படவில்லை. அப்பாச்சிகளைக் குடிவைத்த சான் கார்லோஸ் ஒதுக்கிடத்தில் ஆண்களுக்குப் பித்தளை வில்லை கொடுத்தார்கள். கூட்டத்துக்கு ஓர் எழுத்து, ஆளுக்கு ஓர் எண். தாயின் குடியால் தன்னை அறிந்தவன் அரசுப் பதிவேட்டில் ஒரு வில்லையானான். அதற்கு முன்பே, 1871 ஏப்ரல் 30 அன்று, கேம்ப் கிராண்ட் என்ற இராணுவ முகாமின் அருகே இராணுவத்தின் பாதுகாப்பில் தங்கியிருந்த அரவாய்பா அப்பாச்சிகளை டூசான் நகரிலிருந்து வந்த கும்பல் விடியற்காலையில் கொன்றது. மாண்டவர்கள் 100-க்கும் மேல், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். உயிர் தப்பிய குழந்தைகள் பலரைப் பிடித்துச் சென்றார்கள். குற்றம் சாட்டப்பட்ட 100 பேரை விடுவிக்க ஜூரிகளுக்கு 19 நிமிடம் போதுமானதாக இருந்தது. 1886-இல் ஜெரோனிமோ சரணடைந்ததும் சிரிக்காவாக்களை ரயிலேற்றி ஃபுளோரிடாவுக்குக் கொண்டுபோனார்கள். இராணுவத்துக்குத் தடம் பார்த்து வழிகாட்டும் சாரணராக உழைத்த சிரிக்காவாக்களும் அதே ரயிலில்தான் போனார்கள். 27 ஆண்டுகள் போர்க்கைதிகள். பிள்ளைகளைப் பிரித்து, பென்சில்வேனியாவின் கார்லைல் உறைவிடப் பள்ளிக்கு அனுப்பினார்கள்.

பூப்புச் சடங்கில்தான் நீங்கள் கவனிக்க வேண்டியது இருக்கிறது. நான்கு நாள் சடங்கு அது. அந்த நாட்களில் பெண்ணே ஆதித்தாயின் வடிவம். சூரியன் எழும் கிழக்கைப் பார்த்து ஆடுவாள், சம்பங்கோரையின் மஞ்சள் மகரந்தத்தால் அவளை வாழ்த்துவார்கள். மஞ்சளைக் கண்டதும் நமக்கு மஞ்சள் நீராட்டு நினைவுக்கு வந்துவிடுகிறது. ஆனால் நம் சடங்கின் நாயகன் யார்? சீர் கொண்டுவரும் தாய்மாமன். மேற்கு அப்பாச்சிகளிடம் அந்த இடத்தில் நிற்பவள் ஒரு பெண். அவள் அந்தக் குடியிலோ அதன் உறவுக் குடிகளிலோ பிறந்திருக்கவே கூடாது! சொந்தம் அல்லாதவளைத் தேடிப்போய்க் கேட்க வேண்டும். சடங்குக்குப் பிறகு இரு குடும்பங்களும் வாழ்நாள் முழுக்க உறவு. இருக்கிற சொந்தத்தைச் சீர் வைத்து இறுக்குகிறோம் நாம். அவர்கள் இல்லாத சொந்தத்தை உண்டாக்குகிறார்கள்.

அந்தச் சடங்கு நடக்கும் இடங்களில் ஒன்று அரிசோனாவின் ஓக் ஃபிளாட். அடியில் செம்பு இருக்கிறது. நிலத்தைச் சுரங்க நிறுவனத்துக்கு மாற்றித்தர 2014-இல் சட்டம் செய்தார்கள். எதிர்த்து அப்பாச்சிகள் தொடுத்த வழக்கை விசாரிக்க 2025 மே மாதம் அமெரிக்க உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது.

பள்ளி மலர் பற்றிக் கேட்டீர்கள். தாராளமாக எழுதுங்கள். தலைப்பிலிருந்து ‘தமிழர்’ என்ற சொல்லையும் முதல் பத்தியிலிருந்து பாட்டியையும் எடுத்துவிடுங்கள். மீதமே நான்கு பக்கம் வரும்.