என்னிடம் இருக்கும் இருபது பிளேஸ்டேஷன் 1 (பிஎஸ் 1), நாற்பது பிளேஸ்டேஷன் 2 (பிஎஸ் 2) கேம் டிஸ்க்குகளை ஹார்ட் டிஸ்க்கில் எடுத்து வைப்பது எப்படி? எல்லாவற்றுக்கும் ஐஎஸ்ஓ (டிஸ்க்கில் உள்ளதை ஒரே கோப்பாக வைக்கும் வடிவம்) போதுமா?

பிஎஸ் 2 டிவிடிக்கு ஐஎஸ்ஓ போதும். பிஎஸ் 1 சிடிக்குப் போதாது. இது தெரியாமல் எடுத்த நகல்களில்தான் கேம் தொடங்கும், ஆனால் வீடியோ உடையும், பாட்டு வராது. குறை தெரியவரும்போது டிஸ்க்கும் கெட்டுப்போயிருந்தால் மறுபடி எடுக்க வழியில்லை. உங்களிடம் இருக்கும் இருபது பிஎஸ் 1, நாற்பது பிஎஸ் 2 டிஸ்க்குகளை எடுக்கக் கணினியில் ஒரு சாதாரண டிவிடி டிரைவ் இருந்தால் போதும்.

முதலில் பிஎஸ் 1. சிடியில் தகவலின் ஒரு துண்டான செக்டர் என்பது 2352 பைட். ஐஎஸ்ஓ எடுக்கும் மென்பொருள் அதிலிருந்து 2048 பைட்டை மட்டும் எடுத்துக்கொண்டு மீதியை விட்டுவிடும். கேமின் புரோகிராம் கோப்புகளுக்கு அது சரிதான். ஆனால் வீடியோவும் குரலும் பெரும்பாலும் வேறு வகைச் செக்டர்களில் இருக்கின்றன. பிழைதிருத்தத்துக்கான இடத்தையும் சேர்த்துப் பயன்படுத்தி அந்தச் செக்டர்களில் 2324 பைட் வரை எழுதியிருப்பார்கள். 2048-இல் வெட்டினால் செக்டருக்கு 276 பைட் போய்விடும். போதாக்குறைக்கு, பல கேம்களில் பின்னணி இசை ஆடியோ சிடி போலத் தனி டிராக்குகளாக இருக்கும். ஐஎஸ்ஓவில் அவற்றுக்கு இடமே கிடையாது. அதனால் 2352 பைட்டையும் அப்படியே எடுத்து, ‘பின்’ கோப்பாகவும், டிராக்குகள் எங்கே தொடங்குகின்றன என்று சொல்லும் ‘கியூ’ கோப்பாகவும் வைக்க வேண்டும்.

விண்டோஸில் இம்க்பர்ன் என்ற மென்பொருள் எளிது. ரீட் பகுதிக்குப் போய் டிஸ்க்கைப் போட்டால், பிஎஸ் 1 சிடி என்றால் தானாகவே ‘பின்’ கோப்பாக எடுக்கும். வேகத்தை 8எக்ஸ் அளவில் வையுங்கள். முழு சிடிக்குப் பத்து நிமிடம் ஆகும். அமைப்புகளில் ‘படிக்கும் பிழைகளைப் புறக்கணி’ என்ற பொருளில் ஒரு தேர்வு இருக்கும். அதைத் தொடாதீர்கள். அதை இயக்கினால் படிக்க முடியாத இடத்தில் வெற்றுப் பைட்டுகளை நிரப்பி, வேலை வெற்றிகரமாக முடிந்ததாகக் காட்டும். ஓட்டையுள்ள நகலை நல்ல நகல் என்று நினைத்து வைத்திருப்பீர்கள்.

இன்னொரு சிறு சிக்கல் பலரைக் குழப்புகிறது. ‘பின்’ கோப்பின் பெயரை மாற்றியதும் கேம் திறக்காமல் போகும். கியூ என்பது வெறும் உரைக்கோப்பு. அதன் முதல் வரியில் பழைய பெயரே இருக்கும். நோட்பேடில் திறந்து அந்தப் பெயரையும் மாற்றினால் சரியாகிவிடும். லினக்ஸில் சிடிஆர்டாவோ என்ற கருவியால் எடுத்த நகலில் இசை வெறும் இரைச்சலாகக் கேட்டால், ஆடியோ பைட்டுகளின் வரிசை தலைகீழாகியிருக்கிறது. டிஸ்க்கில் கோளாறு இல்லை.

ஐரோப்பியப் பதிப்பு டிஸ்க்குகளுக்கு மட்டும் ஒரு எச்சரிக்கை. அவற்றில் பலவற்றில் லிப்கிரிப்ட் என்ற பாதுகாப்பு உண்டு. அதன் தகவல் ‘பின்’ கோப்பில் வராத, சப்சேனல் என்ற துணைத் தகவல் பகுதியில் ஒளிந்திருக்கிறது. அது இல்லாமல் எமுலேட்டரில் (கன்சோலைப் போலவே கேமை ஓட்டும் கணினி மென்பொருளில்) ஓட்டினால் கேம் நடுவில் உறைந்துவிடும். இந்த வகை டிஸ்க்குகளுக்கு ரீடம்பர் என்ற மென்பொருளைப் பயன்படுத்துங்கள். அது சப்சேனலையும் படித்து எடுத்துக்கொள்ளும். பிஎஸ் 1 டிஸ்க்கின் கருப்பு அடிப்பக்கத்தைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். சிடி லேசர் அகச்சிவப்பு. அந்தக் கருப்பு பிளாஸ்டிக்கை எளிதாக ஊடுருவும்.

பிஎஸ் 2-இல் அடிப்பக்கம் நீலமாக இருந்தால் அது சிடி. மேலே சொன்னபடியே எடுங்கள். வெள்ளி நிறம் என்றால் டிவிடி. ஒற்றை அடுக்கு 4.7 ஜிபி வரையும், இரட்டை அடுக்கு 8.5 ஜிபி வரையும் போகும். 4எக்ஸ் வேகத்தில் முதலாவதற்குச் சுமார் 14 நிமிடம், இரண்டாவதற்கு 26 நிமிடம். போய்ச்சேரும் ஹார்ட் டிஸ்க் ஃபேட்32 வடிவத்தில் இருந்தால் 4 ஜிபியைத் தாண்டிய கோப்பை எழுத முடியாது, பாதியில் நின்றுவிடும். எக்ஸ்ஃபேட் அல்லது என்டிஎஃப்எஸ் ஆக மாற்றிவிட்டு ஆரம்பியுங்கள்.

கீறல் விழுந்த டிஸ்க்குகளுக்குத்தான் பொறுமை வேண்டும். சிடியில் தகவல் அடுக்கு லேபிள் பக்கம், மெல்லிய அரக்குப் பூச்சுக்கு நேர் கீழே இருக்கிறது. அங்கே ஆழமான கீறல் விழுந்தால் அந்த இடம் போனதுதான். வெளிச்சத்தில் பிடித்தால் ஊசித்துளை தெரியும். அடிப்பக்கக் கீறல் 1.2 மில்லிமீட்டர் பிளாஸ்டிக்கின் மேல்தட்டில்தான், அதனால் நம்பிக்கை உண்டு. டிவிடியில் தகவல் இரண்டு 0.6 மில்லிமீட்டர் தட்டுகளுக்கு நடுவில் இருப்பதால் லேபிள் பக்கக் கீறலுக்கு ஓரளவு தாங்கும். துடைக்கும்போது நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில் துடையுங்கள், வட்டமாக ஒருபோதும் வேண்டாம். பிழைதிருத்தம் தடத்தின் போக்கில் வேலை செய்கிறது. தடத்தைக் குறுக்காக வெட்டும் கீறலில் கொஞ்சம் பைட்டுகளே போகும், அதைச் சரிக்கட்டிவிடும். தடத்தோடு ஓடும் கீறல் தொடர்ந்து நிறையப் பைட்டுகளை அழிக்கும், அதற்கு ஈடு கொடுக்க முடியாது. பற்பசை வைத்துத் தேய்க்கச் சொல்வார்கள். அது புதிதாகக் கீறல் போடத்தான் உதவும்.

அப்படியும் படிக்காவிட்டால் வேகத்தைக் குறையுங்கள், பிறகு வேறு டிரைவில் போட்டுப் பாருங்கள். ஒரு டிரைவ் திணறும் இடத்தை இன்னொன்று அனாயாசமாகப் படிப்பது சகஜம். டிவிடிக்கு ஜிஎன்யூ டிடிரெஸ்க்யூ அருமையான கருவி. செக்டர் அளவை 2048 என்று கொடுத்து முதல் சுற்றில் சுலபமாக வரும் பகுதிகளை எடுங்கள். விட்டுப்போனவற்றை மேப் ஃபைலில் குறித்துக்கொள்ளும். அதே மேப் ஃபைலையும் அதே ஐஎஸ்ஓவையும் கொடுத்து டிஸ்க்கை இரண்டாவது டிரைவில் போட்டால், ஓட்டைகளை மட்டும் தேடி நிரப்பும். பிஎஸ் 1 சிடிக்கு இதைப் பயன்படுத்த வேண்டாம். இதுவும் 2048 பைட்டைத்தான் எடுக்கும்.

எடுத்தாகிவிட்டது என்று எப்போது சொல்லலாம்? சரிபார்த்த பிறகுதான். தொடக்கத் திரை வந்தது என்பது ஆதாரமே இல்லை, கெட்ட செக்டர் கடைசிக் கட்டத்தில் இருக்கலாம். ரீடம்ப் என்ற தரவுத்தளத்தில் கேம் கேமாகச் சரியான கோப்பு அளவும் எஸ்எச்ஏ-1 மதிப்பும் (கோப்பின் கைரேகை போன்ற குறியீடு) இருக்கின்றன. 7-ஜிப் நிறுவியிருந்தால் கோப்பின் மேல் ரைட் கிளிக் செய்தே எஸ்எச்ஏ-1 பார்க்கலாம். டிஸ்க்கில் அச்சிட்டிருக்கும் வரிசை எண்ணை வைத்துத் தேடி ஒப்பிடுங்கள். அளவு ஒன்றாக இருந்து மதிப்பு மட்டும் மாறினால் படித்ததில் பிழை என்று சந்தேகிக்கலாம். அளவே மாறினால் வேறு பதிப்பாகவோ பாதியில் நின்ற நகலாகவோ இருக்கும். ஆடியோ டிராக் உள்ள சிடிகளில் ஒரு விதிவிலக்கு உண்டு. ரீடம்ப் டிராக் வாரியாகக் கணக்கிடுகிறது, ஒவ்வொரு டிரைவும் ஆடியோவைச் சற்றே தள்ளிப் படிக்கும். இம்க்பர்ன் தரும் ஒற்றைக் கோப்பு அங்கே பொருந்தாது, ரீடம்பர் அதையும் சரிசெய்து பிரித்துத் தரும். தரவுத்தளத்தில் இல்லாத டிஸ்க் என்றால் இரண்டு தடவை எடுங்கள், முடிந்தால் இரண்டு டிரைவில். மதிப்பு ஒத்துப்போனால் நம்பலாம்.

இடம் அதிகம் தேவைப்படாது. இருபது சிடிக்கு அதிகபட்சம் 17 ஜிபி, நாற்பது ஒற்றை அடுக்கு டிவிடிக்கு அதிகபட்சம் 188 ஜிபி. 500 ஜிபி தாராளம். ஆனால் ஒரே ஹார்ட் டிஸ்க்கில் வைத்தால் அறுபது டிஸ்க்கும் ஒரே நாளில் போகலாம். இரண்டில் வையுங்கள். ஒன்றைக் கணினியிலிருந்து கழற்றி வேறு இடத்தில் வையுங்கள். எஸ்எச்ஏ-1 மதிப்புகளை ஒரு உரைக்கோப்பில் சேர்த்து வைத்தால் ஆண்டுக்கு ஒருமுறை ஒப்பிடலாம்.

எமுலேட்டரில் மட்டும் விளையாடுவீர்கள் என்றால் சிஎச்டி என்ற கோப்பு வடிவமாகச் சுருக்கலாம். டக்ஸ்டேஷன் (பிஎஸ் 1), பிசிஎஸ்எக்ஸ்2 (பிஎஸ் 2) எமுலேட்டர்கள் இரண்டும் அதை நேரடியாகத் திறக்கும், தகவல் எதுவும் இழக்காது. உண்மையான பிஎஸ் 2-இல் ஓபிஎல் என்ற, டிஸ்க் இல்லாமல் கேமை ஏற்றும் மென்பொருள் வழியாக ஓட்டுவதாக இருந்தால் ஐஎஸ்ஓவாகவே விடுங்கள். ஓபிஎல்லுக்குச் சிஎச்டி தெரியாது.

மற்ற கன்சோல்களுக்கு இந்த முறை பொருந்தாது. நிண்டெண்டோவின் கேம்கியூப், வீ டிஸ்க்குகளைச் சாதாரண டிவிடி டிரைவ் படிக்காது. மென்பொருள் மாற்றம் செய்த வீயில் கிளீன்ரிப் ஓட்டி எடுக்க வேண்டும். பிஎஸ் 3-க்குக் குறிப்பிட்ட சில புளூரே டிரைவுகளும் அந்த டிஸ்க்குக்கான மறையீட்டுச் சாவியும் வேண்டும். மறையீட்டை உடைப்பதைப் பல நாட்டுச் சட்டங்கள் சொந்த டிஸ்க்குக்கும் தடுக்கின்றன, பார்த்துக்கொள்ளுங்கள். பிஎஸ் 4 கேமை ஹார்ட் டிஸ்க்கில் நிறுவினாலும் விளையாட டிஸ்க் உள்ளே இருந்தாக வேண்டும்.

டிஸ்க் நகலில் உங்கள் சேவ் எதுவும் வராது என்பதையும் நினைவில் வையுங்கள். அவை மெமரி கார்டில் இருக்கின்றன: பிஎஸ் 1-இல் 128 கேபி, பிஎஸ் 2-இல் 8 எம்பி. ஃப்ரீ மெக்பூட் (வேறு மென்பொருள்களை ஓட்ட உதவுவது) போட்ட பிஎஸ் 2-இல் யூலாஞ்ச்எல்ஃப் என்ற கோப்பு மேலாளரைத் திறந்து, கார்டில் உள்ள ஃபோல்டர்களை யூஎஸ்பிக்கு நகலெடுத்து, கேம் கோப்புகளுக்குப் பக்கத்திலேயே வையுங்கள்.