பார்ட்டிஷன்தான் அழிந்தது, டிஸ்க் சாகவில்லை

கேள்வி: தங்கச்சிமடத்தில் விசைப்படகு வைத்திருக்கிறோம். மகள் பொறியியல் இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். லேபுக்கு உபுண்டு என்ற லினக்ஸ் சிஸ்டம் வேண்டும் என்று கல்லூரியில் சொன்னதால், சீனியர் மாணவர் ஒருவர் அவளுடைய லேப்டாப்பில் விண்டோஸ் 11-உடன் அதையும் சேர்த்துப் போட்டுக் கொடுத்தார். சி டிரைவ் நிரம்பிச் சிவப்பாகிவிட்டது. விண்டோஸின் டிஸ்க் மேனேஜ்மென்ட்டில் பெயரில்லாமல் கிடந்த 80 ஜிபி பகுதியை (பார்ட்டிஷன்) அழித்து சி-யோடு சேர்க்கப் பார்த்திருக்கிறாள். சேரவில்லை. மறுபடி ஆன் செய்தால் கருப்புத் திரையில் 'ஜிஎன்யூ கிரப்' என்று வந்து அப்படியே நிற்கிறது. ராமநாதபுரத்தில் ஒரு கடையில் காட்டினோம். உப்புக் காற்றில் ஹார்டு டிஸ்க் போய்விட்டது, புதிது போட 7,500 ரூபாய், பழைய டேட்டா எடுக்கத் தனியாக 5,000 ரூபாய் என்கிறார்கள். படகின் பதிவுச் சான்று, டீசல் மானியக் கணக்கு, ஆட்களின் ஆதார் நகல், குடும்பப் படங்கள் எல்லாம் சி, டி டிரைவ்களில் இருக்கின்றன. மகளின் புராஜெக்ட் உபுண்டுவில் இருந்தது. எல்லாமே போய்விட்டதா?

பதில்: போகவில்லை. லேப்டாப் இன்னும் கடையில் இருந்தால், மீதியைப் படிப்பதற்கு முன் அதை வாங்கி வந்துவிடுங்கள். "ஃபார்மட் மட்டும் போட்டுப் பார்க்கிறோம்" என்றாலும் வேண்டாம் என்று சொல்லுங்கள். உங்கள் டேட்டாவுக்கு இப்போது இருக்கிற பெரிய ஆபத்து அந்த ஃபார்மட்தான்.

டிஸ்க் உயிரோடு இருக்கிறது என்பதற்கு உங்கள் கடிதமே சாட்சி. 'ஜிஎன்யூ கிரப்' என்ற எழுத்துகள் அந்த டிஸ்கிலிருந்து படிக்கப்பட்டுத்தான் திரைக்கு வருகின்றன. உபுண்டு போடும்போது, எந்த சிஸ்டத்தைத் திறக்கலாம் என்று கேட்கிற கிரப் என்ற சிறிய நிரலும் சேர்ந்து வருகிறது. அதில் ஒரு துண்டு டிஸ்கின் தொடக்கத்தில் தனியாக இருக்கும் சின்னப் பகுதியில் உட்காரும்; மீதி உபுண்டுவின் பகுதிக்குள் இருக்கும். உங்கள் மகள் அழித்தது அந்த உபுண்டு பகுதியை. தன் மீதித் துண்டைத் தேடி, காணாமல், கிரப் நின்றுவிட்டது. டிஸ்க் செத்திருந்தால் இந்த எழுத்துகூட வந்திருக்காது.

உப்புக் காற்று என்ற காரணத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் பாம்பன் முதல் தொண்டி வரை இந்தக் கரையில் எந்தப் பழுதுக்கும் அதைத்தான் சொல்கிறார்கள். உப்புக் காற்று லேப்டாப்பைக் கெடுக்கும், அதில் சந்தேகமில்லை. மூடியின் கீல் துருப்பிடிக்கும், சார்ஜர் சொருகும் வாயும் யுஎஸ்பி வாயும் பச்சை பூக்கும், விசிறி அடைக்கும். ஆனால் பட்டியலில் ஒரே ஒரு பார்ட்டிஷனை மட்டும் தேடிப் பிடித்து அழிக்க உப்புக்குத் தெரியாது. உங்கள் மகள் ஒரு பொத்தானை அழுத்தினாள், அடுத்த முறை ஆன் செய்தபோது இது வந்தது. காரணம் கண்முன்னே இருக்கும்போது உப்பைச் சொல்கிற கடை, ஒன்று சோதித்துப் பார்க்கவில்லை, அல்லது பார்த்துவிட்டு மறைக்கிறது. விண்டோஸுக்கு முன்பே திறக்கும் லேப்டாப்பின் அமைப்புத் திரையான பயாஸிலேயே டிஸ்கின் பெயர் வராமல் போனாலோ, ஒரு ஃபோல்டரைத் திறக்க நிமிடக் கணக்கில் ஆனாலோதான் டிஸ்க் பழுது என்ற பேச்சுக்கே இடம். அப்படியும் ஃபார்மட் அதற்கு மருந்தல்ல.

இப்போது செய்ய வேண்டியது. சார்ஜரைச் சொருகுங்கள். லேப்டாப்பை முழுக்க அணைத்துவிட்டு ஆன் செய்ததும் லெனோவோ, டெல், ஏசர் என்றால் எஃப்12, எச்பி என்றால் எஃப்9, அசூஸ் என்றால் எஸ்கேப் பொத்தானை விட்டு விட்டுத் தட்டிக்கொண்டே இருங்கள். ஒரு பட்டியல் வரும். அதில் 'உபுண்டு', 'விண்டோஸ் பூட் மேனேஜர்' என்று இரண்டும் இருக்கும். இரண்டாவதைத் தேர்ந்தெடுங்கள். விண்டோஸ் திறந்துவிடும், படகுக் கணக்கும் படங்களும் வைத்த இடத்திலேயே இருக்கும். 12,500 ரூபாய் கேட்ட வேலையில் உங்களுக்கு முக்கியமான பாதி இத்துடன் முடிந்தது. உடனே ஒரு வெளி ஹார்டு டிஸ்கில் அவற்றை நகலெடுத்து வையுங்கள். (2012-க்கு முந்தைய பழைய லேப்டாப்களுக்கு இந்த வழி பொருந்தாது, உங்களுடையது விண்டோஸ் 11 என்பதால் அந்தக் கதை வேண்டாம்.)

ஒரே ஒரு விதிவிலக்கு இருக்கிறது. அதை விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் தவறு செய்தால் திரும்ப வழியே இல்லாத இடம் அது.

விண்டோஸ் பூட் மேனேஜரைத் தேர்ந்தெடுத்ததும் நீல நிறத்தில் ஒரு திரை வந்து, 'பிட்லாக்கர் ரிகவரி' என்று 48 இலக்க எண் ஒன்றைக் கேட்கலாம். புதிய லேப்டாப்களில் மைக்ரோசாஃப்ட் கணக்கு போட்டு உள்ளே நுழைந்தாலே, யாரையும் கேட்காமல் விண்டோஸின் டிரைவ்கள் பூட்டப்படுகின்றன. லேப்டாப் திருடு போனால் உள்ளே இருப்பதை யாரும் படிக்கக் கூடாது என்பது நோக்கம். தினமும் ஆன் செய்யும்போது இந்தப் பூட்டு உங்கள் கண்ணில் படாது. மதர்போர்டில் இருக்கும் டிபிஎம் என்ற சில்லு தானாகவே சாவியைக் கொடுத்துவிடும். திறக்கும் முறை மாறியது போல அந்தச் சில்லுக்குத் தோன்றினால் சாவியைக் கொடுக்காது, எண்ணைக் கேட்கும். ஆகவே திரை வந்தால் பதற வேண்டாம். வேறு ஒரு போனில் மகளின் மைக்ரோசாஃப்ட் கணக்கில் நுழைந்து, டிவைஸஸ் பகுதியில் இந்த லேப்டாப்பின் பெயருக்குக் கீழே பிட்லாக்கர் சாவி இருக்கிறதா என்று பாருங்கள். திரையில் தெரியும் சாவி அடையாளத்தின் முதல் எழுத்துகளும் கணக்கில் இருப்பதும் ஒன்றாக இருக்க வேண்டும். கல்லூரி கொடுத்த மின்னஞ்சலில் நுழைந்திருந்தால் சாவி கல்லூரியின் கணினிப் பிரிவிடம் இருக்கும்.

இனி நம் ஊர்க் கடைகளில் நடக்கும் கொடுமை. லேப்டாப் வாங்கும் அன்று "எல்லாம் நாங்களே செட்டப் செய்து தருகிறோம்" என்று கடைக்காரர் தன்னுடைய மின்னஞ்சலையோ, அந்த நேரத்தில் புதிதாக உருவாக்கிய ஒன்றையோ போட்டுக் கொடுத்துவிடுகிறார். கடவுச்சொல்லை வீட்டில் யாரும் கேட்டு வாங்குவதில்லை. உங்கள் டிஸ்கின் சாவி அன்றே அவர் கணக்கில் போய் உட்கார்ந்துகொண்டது. கடை மாறியிருக்கலாம், கடைப் பையன் வேலையை விட்டுப் போயிருக்கலாம். அந்தக் கணக்கு கிடைக்காவிட்டால் மைக்ரோசாஃப்ட்டாலும் அந்த எண்ணைத் தர முடியாது. அவர்களே அப்படித்தான் சொல்லியிருக்கிறார்கள். "பிட்லாக்கரை உடைத்துத் தருகிறேன்" என்று பணம் கேட்பவரை நம்பாதீர்கள். டிஸ்கைக் கழற்றி வேறு கணினியில் சொருகினால் டேட்டா வரும் என்பதும் இங்கே எடுபடாது, சாவி கொடுக்கும் சில்லு உங்கள் மதர்போர்டில்தான் இருக்கிறது. பயாஸில் டிபிஎம்மை அழித்தால் பூட்டு போய்விடும் என்று எவராவது சொன்னால் கையைப் பிடித்துத் தடுங்கள். பூட்டு போகாது, சாவிதான் போகும்.

எண் கேட்காமல் விண்டோஸ் திறந்துவிட்டாலும் இந்த வேலையைத் தள்ளிப் போடாதீர்கள். செட்டிங்ஸில் பிரைவசி அண்டு செக்யூரிட்டி, அதற்குள் டிவைஸ் என்கிரிப்ஷன்; மேலே சொன்ன பூட்டுதான் அது. அது இயக்கத்தில் இருந்தால் சாவியைக் கண்டுபிடித்து ஒரு தாளில் எழுதி, படகின் ஆர்சி புத்தகம் இருக்கும் இடத்தில் வையுங்கள். லேப்டாப் விற்கும்போதே அந்த 48 இலக்க எண்ணை அச்சடித்துக் கையில் கொடுக்க வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்தாமல் இருப்பது எனக்குப் பொறுக்கவில்லை.

அடுத்தது மகளின் புராஜெக்ட். பார்ட்டிஷனை அழிக்கும்போது டிஸ்கின் தலைப்பில் இருக்கும் பட்டியலில் ஒரு வரிதான் நீங்குகிறது. ரேஷன் அட்டையில் பெயரை அடித்துவிட்டால் ஆள் இல்லாமல் போய்விடுவதில்லை, அது போல. கோப்புகள் பெரும்பாலும் இருந்த இடத்திலேயே இருக்கும், அதன் மேல் புதிதாக எதையும் எழுதாத வரை. விண்டோஸைத் திறந்து பயன்படுத்தினாலும் ஒதுக்கப்படாத அந்த 80 ஜிபியில் அது எதையும் எழுதாது. ஆனால் அங்கே 'நியூ சிம்பிள் வால்யூம்' என்ற பொத்தானைத் தொடவே கூடாது, அது புதிய பகுதி உருவாக்கி ஃபார்மட் போட்டுவிடும். சுழலும் பாகம் இல்லாத புதிய வகை டிஸ்க்கான எஸ்எஸ்டியில் ஒரு முறை ஃபார்மட் போட்டுவிட்டால், இந்த இடம் காலி என்று டிஸ்குக்கே தகவல் போய், அது உள்ளே சுத்தம் செய்துவிடும். பழைய சுழலும் டிஸ்க்காக இருந்தால் அதற்குப் பிறகும் ஓரளவு மீட்கலாம். எஸ்எஸ்டியில் அது நடக்காது.

மீட்பதற்கு டெஸ்ட்டிஸ்க் என்ற இலவச நிரல் இருக்கிறது. ஒரு காசு கேட்காது. "ஸ்கேன் இலவசம், மீட்க 6,000 ரூபாய்" என்று விளம்பரத்தில் வரும் மென்பொருள்கள் வேண்டாம். டெஸ்ட்டிஸ்க்கை ஒரு பென் டிரைவில் இறக்கி, நிர்வாகி உரிமையோடு திறந்து, டிஸ்கைத் தேர்ந்தெடுத்து, அனலைஸ், குவிக் சர்ச் என்று போனால் அழிந்த லினக்ஸ் பகுதி பட்டியலில் தென்படும். அதன் மேல் நின்று பி எழுத்தை அழுத்தினால் உள்ளே இருக்கும் ஃபோல்டர்கள் வரிசையாக வரும். ஹோம் என்ற ஃபோல்டருக்குள் மகளின் பெயரில் இருப்பதைத் தேர்ந்தெடுத்து, வெளி டிஸ்கில் நகலெடுத்தால் போதும். 'ரைட்' என்று ஒரு பொத்தான் வரும், அதை அழுத்தாதீர்கள். பார்ட்டிஷனையே பட்டியலில் திரும்ப எழுதும் வசதி அது; இப்போது நன்றாக இருக்கும் மற்றப் பகுதிகளில் ஒன்று அந்தப் பட்டியலில் விடுபட்டிருந்தால் அதையும் இழப்பீர்கள். கோப்பு மட்டும் கிடைத்தால் உங்களுக்குப் போதும். மகளே இதைச் செய்துவிடுவாள். பழக்கமில்லாத கை என்றால் லினக்ஸ் தெரிந்த ஆசிரியர் ஒருவர் பக்கத்தில் இருக்கட்டும்.

சி டிரைவோடு அந்த இடம் ஏன் சேரவில்லை? காலி இடம் சி-க்கு வலது பக்கம் ஒட்டியபடி இருந்தால்தான் விண்டோஸ் சேர்த்துக்கொள்ளும். உங்கள் டிஸ்கில் சி-க்கும் அந்த 80 ஜிபிக்கும் நடுவே டி டிரைவ் உட்கார்ந்திருக்கும். நடுவில் இருப்பதை நகர்த்தித் தருகிற நிரல்களும் உண்டு, ஆனால் மணிக்கணக்கில் ஓடும். காற்றுக் காலத்தில் கரண்ட் வந்து வந்து போகிற தீவில், பேட்டரி பலவீனமான லேப்டாப்பில் அதை நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். அதைவிட எளிய வழி இருக்கிறது. புராஜெக்டை மீட்ட பிறகு, காலி இடத்தை டி-யோடு சேருங்கள், அது ஒட்டியே இருப்பதால் சேரும். பிறகு டவுன்லோட்ஸ், பிக்சர்ஸ், வீடியோஸ் ஃபோல்டர்களின் இருப்பிடத்தை டி-க்கு மாற்றிவிடுங்கள். சி-யின் சிவப்பு தானே மறையும்.

மகளைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. லினக்ஸின் பகுதியை விண்டோஸ் பெயரில்லாமல், எழுத்தில்லாமல் காட்டுகிறது. அழிக்கிற பொத்தானை மட்டும் தயாராக வைத்திருக்கிறது. இது விண்டோஸ் உருவாக்கியதல்ல, வேறு சிஸ்டத்தின் டேட்டா இருக்கலாம் என்று அழிக்கும் முன் ஒரு வரி கேட்கிறதுதான்; "இது உபுண்டு" என்று பெயர் சொல்லி எச்சரித்தால் எத்தனையோ பிள்ளைகள் தப்பிப்பார்கள். தமிழக அரசு 2011-ல் தொடங்கிய இலவச மடிக்கணினித் திட்டத்திலேயே விண்டோஸும் மத்திய அரசின் சி-டாக் நிறுவனம் உருவாக்கிய பாஸ் லினக்ஸும் சேர்ந்தே வந்தன. ஒரே டிஸ்கில் இரண்டு சிஸ்டம் இருப்பதை எப்படிப் பார்த்துக்கொள்வது என்று எந்தப் பாடத்தில் சொல்லிக் கொடுத்தார்கள்? உபுண்டு கட்டாயம் என்று உத்தரவு போடுகிற லேபில், அதைப் பாதுகாப்பாக நீக்குவது எப்படி என்று அரைப் பக்கம் எழுதி ஒட்டக் கூடாதா?

இன்னொன்று. கடைக்காரர் அடுத்து "விண்டோஸ் லைசென்ஸ் புதிதாக வாங்க வேண்டும்" என்பார். வேண்டாம். விண்டோஸோடு விற்கப்பட்ட லேப்டாப்பின் லைசென்ஸ் எண், விண்டோஸ் 8 காலத்திலிருந்தே மதர்போர்டுக்குள் பதிந்து வருகிறது. அதே பதிப்பை மறுபடி போட்டால் தானாகவே ஆக்டிவேட் ஆகும், டிஸ்கையே மாற்றினாலும் சரி. அதை விட்டுவிட்டுத் திருட்டு விண்டோஸைப் போட்டு அதற்கும் காசு வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள். எப்போதாவது உண்மையாகவே டிஸ்க் மாற்ற நேர்ந்தால், பழைய டிஸ்கின் லேபிளைப் படம் எடுத்துக்கொண்டு, மாற்றிய பின் அதைக் கையோடு வாங்கி வாருங்கள். உங்கள் ஆட்களின் ஆதார் நகல் அதற்குள் இருக்கிறது. தர மறுத்தால் ரசீதோடு தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் சொல்லலாம். வாரன்டியில் கம்பெனி சர்வீஸ் சென்டருக்கு அனுப்பினாலும் நகல் எடுக்காமல் கொடுக்காதீர்கள். டேட்டாவுக்கு நாங்கள் பொறுப்பில்லை என்று கையெழுத்து வாங்கிக்கொண்டுதான் அவர்கள் வேலையைத் தொடங்குவார்கள்.

கோப்புகள் கைக்கு வந்ததும் பயாஸில் பூட் வரிசையில் விண்டோஸை முதலில் வைத்துவிடுங்கள், கருப்புத் திரை வராது. லேபுக்கு உபுண்டு இன்னும் தேவை என்றால் பார்ட்டிஷன் போட்டுத் தர யாரையும் கூப்பிட வேண்டாம். விண்டோஸ் 11-க்குள்ளேயே டபிள்யூஎஸ்எல் என்ற வசதியில் உபுண்டு ஓடும், சி மொழியில் நிரல் எழுதவும் பைத்தான் ஓட்டவும் அது போதும். முழு உபுண்டுதான் வேண்டும் என்று ஆசிரியர் பிடிவாதமாக இருந்தால், வெளி எஸ்எஸ்டி ஒன்று வாங்கி அதில் போடச் சொல்லுங்கள். போடும்போது கிரப்பும் அந்த வெளி டிஸ்கிலேயே உட்கார வேண்டும் என்பதை மட்டும் சீனியரிடம் இரண்டு முறை சொல்லிவிடுங்கள்.