குவைத் வீட்டு வேலை: உங்கள் கேள்விகளுக்குப் பதில்

கேள்வி (விழுப்புரம்): அம்மாவுக்கு 41 வயது, எட்டாவது வரை படிப்பு. முதலில் விசிட் விசாவில் துபாய், அங்கிருந்து குவைத் வீட்டு வேலை என்கிறார் ஏஜென்ட். அனுப்பலாமா?

பதில்: வேண்டாம் தம்பி. பத்தாவது முடிக்காதவர்களின் பாஸ்போர்ட் பொதுவாக இசிஆர் (குடிபெயர்வுச் சோதனை தேவை) வகை. வளைகுடாவில் வேலைக்குப் போக அவர்களுக்குக் குடிபெயர்வு அனுமதி கட்டாயம். அவர்களில் பெண்களை வீட்டு வேலைக்குத் தனியார் ஏஜென்ட் எடுக்கவே கூடாது. அரசு நிறுவனங்கள்தான் எடுக்கலாம். இந்தச் சோதனைக்குச் சிக்காமல் தப்பத்தான் விசிட் விசா. அப்படிப் போனால் ஒப்பந்தம் கிடையாது, 10 லட்ச ரூபாய் விபத்துக் காப்பீடு கிடையாது. அம்மா எந்த வீட்டில் இருக்கிறார் என்பது தூதரகத்துக்கே தெரியாது.

கேள்வி (கடலூர்): அக்காவின் பாஸ்போர்ட் மேடம் கையில். நாலு மாதச் சம்பளம் பாக்கி. விடியற்காலை தொடங்கி நள்ளிரவு வரை வேலை. கேட்க வழி உண்டா?

பதில்: உண்டு. வீட்டுப் பணியாளருக்கான குவைத்தின் 2015ஆம் ஆண்டு 68ஆம் எண் சட்டப்படி பாஸ்போர்ட்டை முதலாளி பிடித்து வைக்கக் கூடாது. நாளுக்கு 12 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது, வாரம் ஒருநாள் விடுப்பு, மாதாமாதம் சம்பளம். ஆனால் பூட்டிய வீட்டுக்குள் சட்டம் தானாக நுழையாது. அதனால் அக்காவுக்குப் போன் கிடைக்கும்போதே சிவில் ஐடியை (குவைத் அடையாள அட்டை) படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். ஏரியா, பிளாக், தெரு, வீட்டு எண், முதலாளி பெயர் எல்லாம் வேண்டும். வாட்ஸ்அப்பில் லொக்கேஷனும் போடட்டும். போனைப் பிடுங்கிவிட்டால் இவைதான் கைகொடுக்கும். இவற்றோடு இந்தியத் தூதரகத்துக்கும் சென்னையில் அயலகத் தமிழர் நலத்துறைக்கும் இன்றே எழுதுங்கள்.

கேள்வி (அதே சகோதரர்): வெளியே வந்துவிட்டால் ஜெயிலா?

பதில்: இக்காமா, அதாவது குவைத்தில் தங்கும் அனுமதி, முதலாளியோடு கட்டப்பட்டது. "ஓடிப்போனாள்" என்று அவர் புகார் கொடுத்தால் கைதாகும் ஆபத்து நிஜம். அடிபட்டு வெளியே வந்த பெண் மீதும் அதே புகார்தான், எனக்கு ஆறவே ஆறாத அநியாயம் இது. வெளியேறினால் நேரே தூதரகம். அங்கே தங்குமிடம் இருக்கிறது. நடுவில் "வேறு வீட்டில் வேலை தர்றேன்" என்று யார் கூப்பிட்டாலும் போக வேண்டாம். போனால் வழக்கு அக்காவுக்கே எதிராகத் திரும்பிவிடும். சம்பளப் பாக்கிக்குக் குவைத் அரசின் மனிதவள ஆணையத்தில் வீட்டுப் பணியாளர் பிரிவு புகார் வாங்கும்.

கேள்வி (நாகை): குறைந்தபட்சச் சம்பளம் எவ்வளவு?

பதில்: 2016இல் குவைத் அரசு 60 தினார் என்று வைத்தது. ஒப்பந்தத்தில் அதைவிடக் கூடுதலாகப் போட்டிருந்தால் அந்தத் தொகைதான் கணக்கு. ஒரு நகலை ஊரில் வைத்துக்கொள்ளுங்கள்.