உங்கள் மகளின் முகத்தைச் செய்ய அவளுடைய பாஸ்வேர்டு எதற்கு?

கேள்வி: என் மகளுக்கு 14 வயது. வீட்டு லேப்டாப்பில் சிம்ஸ் 4 என்ற, மனிதப் பாத்திரங்களை உருவாக்கி வாழவைக்கும் ஆட்டத்தை ஆடுகிறாள். தன்னைப் போலவே ஒரு பாத்திரம் வேண்டும் என்று பல நாளாக முயற்சி செய்கிறாள். எப்படிச் செய்தாலும் வெள்ளைக்காரப் பெண்ணுக்குக் கறுப்புச் சாயம் பூசியதுபோல வருகிறது என்று அழுகிறாள். இன்ஸ்டாகிராமில் ஒருவர் 2,000 ரூபாய் கொடுத்தால் ஏஐ மூலம் அச்சு அசலாகச் செய்து தருவதாகச் சொன்னார். மூன்று போட்டோ அனுப்பிவிட்டோம். இப்போது அவளுடைய கணக்கின் பாஸ்வேர்டும், வரும் ஓ.டி.பி.யும் கேட்கிறார். கொடுக்கலாமா? எங்களாலேயே செய்ய முடியாதா?
- ஒரு தாய், தூத்துக்குடி

பதில்: கொடுக்காதீர்கள். அவர் நல்லவராகவே இருந்தாலும் கொடுக்காதீர்கள், ஏனென்றால் இந்த வேலைக்கு அவை தேவையே இல்லை.

சிம்ஸ் 4-க்குள்ளேயே கேலரி என்ற பொது இடம் ஒன்று இருக்கிறது. ஒருவர் செய்த பாத்திரத்தை அதில் ஏற்றினால், அந்த ஆட்டம் வைத்திருக்கும் யாரும் காசில்லாமல் இறக்கிக்கொள்ளலாம். அந்த மனிதர் தன் கணக்கிலேயே முகத்தைச் செய்து, கேலரியில் ஏற்றி, தன் பயனர் பெயரை உங்களிடம் சொன்னால் வேலை முடிந்தது. உங்கள் மகள் அந்தப் பெயரைத் தேடி எடுத்துக்கொள்வாள். இவ்வளவு எளிய வழி இருக்கும்போது பாஸ்வேர்டு கேட்கிறார் என்றால் அவருக்கு வேண்டியது கணக்குதான். அதில் காசு கொடுத்து வாங்கிய பேக்குகள் (ஆட்டத்துக்கான கூடுதல் தொகுப்புகள்) இருக்கலாம், சேமித்து வைத்த கார்டு இருக்கலாம். ஓ.டி.பி. கைக்குப் போனதும் முதல் காரியமாக மின்னஞ்சல் முகவரியை மாற்றிவிடுவார்கள். அதன் பிறகு அது உங்கள் கணக்கு என்று நிரூபிக்க நீங்கள்தான் அலைய வேண்டும்.

"ஏஐ மூலம்" என்பதும் பொய். சிம்ஸ் 4-ல் போட்டோவைக் கொடுத்து முகம் வாங்கும் வசதி கிடையாது. யார் செய்தாலும் மவுஸைப் பிடித்து மூக்கையும் தாடையையும் இழுத்துத்தான் செய்ய வேண்டும். அவர் செய்யப்போவதும் அதைத்தான்.

இதில் ஒரு விதிவிலக்கைச் சொல்லியாக வேண்டும். உங்கள் வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ ஒரு பையன் "என்பிஏ 2கே ஆட்டத்தில் முகத்தை ஸ்கேன் பண்ணலாமே" என்று கட்டாயம் சொல்வான். அவன் சொல்வது சரி. அந்தக் கூடைப்பந்து ஆட்டம், ஆடுபவர் தன் முகத்தை ஸ்கேன் செய்து தன் ஆட்டக்காரருக்குப் போட்டுக்கொள்ள விடுகிறது. ஆனால் அதையும் அந்த நிறுவனத்தின் சொந்த ஆப்பில், தன் போனில், தானே செய்ய வேண்டும். முகத்தில் நிழல் விழாத வெளிச்சம் வேண்டும், போன் கண் மட்டத்தில் இருக்க வேண்டும், தலையை மெதுவாக இரு பக்கமும் திருப்ப வேண்டும். நடுவில் ஆள் தேவையில்லை. அப்படியிருந்தும் அமெரிக்காவில் இது வழக்காகப் போனது. இல்லினாய் மாநிலத்தில் முகம், கைரேகை போன்றவற்றை எடுப்பதற்கென்றே 2008-ல் தனிச் சட்டம் வந்தது. அதை வைத்து, என்பிஏ 2கே15-ல் முகத்தை ஸ்கேன் செய்துகொண்டவர்கள், எங்கள் முகத்தரவை எவ்வளவு காலம் வைத்திருப்பீர்கள் என்று சொல்லவே இல்லையே என்று நிறுவனத்தின் மீது வழக்குப் போட்டார்கள். 2017 நவம்பரில் மேல்முறையீட்டு நீதிமன்றம், உங்களுக்கு நேரடியான பாதிப்பு எதுவும் ஏற்பட்டதாகக் காட்டவில்லை என்று சொல்லி அவர்களுக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. தனிச் சட்டத்தை வைத்து, ஊரறிந்த நிறுவனத்தின் மீது போட்ட வழக்கின் கதியே இது. இன்ஸ்டாகிராமில் பெயர்கூடத் தெரியாத ஒருவரிடம் மூன்று போட்டோ போயிருக்கிறது என்றால், அதைத் திரும்பக் கேட்க உங்களுக்கு என்ன வழி இருக்கிறது என்று யோசியுங்கள். அந்த ஸ்கேன் வசதி கூடைப்பந்து ஆட்டத்துக்குத்தான். சிம்ஸுக்கு அது உதவாது.

இனி இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். உங்களால் செய்ய முடியும். விளையாட்டுகளுக்கு முகம் வடிப்பதே என் தொழில். நான் வேலையைத் தொடங்கும் அதே இடத்தில்தான் நீங்களும் தொடங்க வேண்டும்: நல்ல போட்டோ.

செல்ஃபி வேண்டாம். கை நீளத்துக்குள் எடுத்த படத்தில் கேமராவுக்கு அருகில் இருக்கும் மூக்கு பெரிதாகவும் காதுகள் சிறிதாகவும் விழும். 30 செ.மீ. தூரத்தில் எடுத்தால் 1.5 மீட்டரில் எடுத்ததைவிட மூக்கின் அகலம் ஏறத்தாழ 30 விழுக்காடு கூடுதலாகத் தெரியும் என்று 2018-ல் ஜாமா மருத்துவ இதழ் ஒன்றில் கணக்குப் போட்டே காட்டினார்கள். அதைப் பார்த்து மூக்கைச் செய்தால் பிள்ளை அழத்தான் செய்வாள். நீங்கள் ஐந்தடி தள்ளி நின்று, கொஞ்சம் ஜூம் செய்து, ஜன்னல் வெளிச்சத்தில் எடுங்கள். நேராக ஒன்று, பக்கவாட்டில் ஒன்று. முடியைப் பின்னால் வாரிக் கட்டச் சொல்லுங்கள், சிரிக்க வேண்டாம். போனில் பியூட்டி ஃபில்டர் நீங்கள் கேட்காமலேயே ஓடிக்கொண்டிருக்கும், அதை அணைத்துவிடுங்கள். ஸ்டூடியோவில் எடுத்த பாஸ்போர்ட் போட்டோவைத் தொடவே தொடாதீர்கள். நம் ஊர் ஸ்டூடியோக்கள் கேட்காமலேயே நிறத்தை இரண்டு படி வெளுத்துவிடுகின்றன. பள்ளி அடையாள அட்டைப் படத்திலும் அதுதான் நடக்கிறது. தன் உண்மையான நிறம் பதிந்த ஒரு படம்கூட இல்லாமல் பிள்ளைகள் வளர்கிறார்கள் என்பதை நினைத்தால் எனக்குக் கோபம் வருகிறது.

உங்கள் மகள் சொன்ன அந்த வெள்ளைக்காரப் பெண் எங்கிருந்து வருகிறாள்? ஆட்டம் தானாகக் கொடுக்கும் முகத்தை வைத்துக்கொண்டு தோல் நிறத்தை மட்டும் மாற்றினால் அப்படித்தான் வரும். எலும்பு அவர்களுடையதாகவே இருக்கிறதே. ஆகவே நிறத்தைக் கடைசிக்குத் தள்ளுங்கள். முதலில் முகத்தின் மொத்த வடிவம்: நீளமா, வட்டமா, தாடை அகலமா. அடுத்து, போட்டோவில் ஒரு ஸ்கேலை வைத்து மூக்கு நுனிப் பகுதியின் அகலத்தையும் இரு கண்களின் உள் முனைகளுக்கு நடுவே உள்ள இடைவெளியையும் அளந்து பாருங்கள். இரண்டும் சமமாக இருக்க வேண்டும் என்பது ஐரோப்பிய ஓவியப் பள்ளிகளின் பழைய விதி. நம்மில் பலருக்கு மூக்கு அதைவிட அகலம். அந்த விதிக்குப் பொருத்தமாக அவளுடைய மூக்கைச் சுருக்காதீர்கள், அளவு என்ன சொல்கிறதோ அதைச் செய்யுங்கள்.

பாத்திரத்தை நேராக நிறுத்தி வைத்துக்கொண்டு மட்டும் மூக்கை இழுக்காதீர்கள். பாத்திரத்தைப் பக்கவாட்டில் திருப்பிவிட்டு இழுத்தால் மூக்கு முன்னால் நீளும், உள்ளே போகும். நெற்றிக்கும் மோவாய்க்கும் அப்படித்தான். பலர் பக்கவாட்டுப் பார்வையைத் தொடுவதே இல்லை, அதனால்தான் நேரே பார்க்கும்போது சரியாக இருக்கும் முகம், நடக்கும்போது யாரோபோல் ஆகிவிடுகிறது. முகத்தின் மீது நுணுக்கமாக வேலை செய்ய ஒரு தனி பொத்தானும் அங்கே இருக்கிறது. அதை அழுத்தினால் மூக்கு நுனி, மூக்குத் துவாரம், உதட்டு ஓரம் என்று சின்னச் சின்னப் பகுதிகளைத் தனித்தனியாகப் பிடித்து இழுக்கலாம்.

புருவத்துக்கு நேரம் கொடுங்கள். 2003-ல் அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகத்தில் ஆய்வாளர் பவன் சின்ஹாவும் கூட வேலை செய்தவர்களும் பிரபலங்களின் படங்களில் கண்களை அழித்தும், புருவங்களை அழித்தும் ஆட்களிடம் காட்டினார்கள். கண் இல்லாத படத்தைவிடப் புருவம் இல்லாத படத்தில்தான் அடையாளம் காண அதிகமாகத் தடுமாறினார்கள். என் வேலையிலும் இதைத்தான் பார்க்கிறேன். உங்கள் மகளின் புருவம் எவ்வளவு அடர்த்தி, எங்கே தொடங்குகிறது, வால் எங்கே இறங்குகிறது என்பதைப் போட்டோவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு தேர்ந்தெடுங்கள். கண்ணின் வடிவம் கொஞ்சம் தவறினாலும் புருவமும் முன்நெற்றி முடியும் சரியாக இருந்தால் பார்த்ததும் "அட, நம்ம பிள்ளை" என்று சொல்லிவிடுவீர்கள்.

மச்சம் இருந்தால் எந்தப் பக்கம் என்று கவனியுங்கள். அவள் தன் முகத்தைக் கண்ணாடியிலேயே பார்த்துப் பழகியவள், வகிட்டையும் மச்சத்தையும் பக்கம் மாற்றிச் சொல்வாள். இடது வலது கண்கள் கொஞ்சம் வேறுபட்டிருந்தால் அதைச் செய்ய முடியாது, சிம்ஸ் 4 இரு பக்கத்தையும் ஒன்றுபோலவே வைக்கும். உயரத்தையும் மாற்ற முடியாது. அவற்றுக்காக மல்லுக்கட்டாதீர்கள்.

கடைசியாக நிறம். இந்த ஆட்டம் 2014 செப்டம்பரில் வந்தது. கறுத்த தோலுக்கு இருந்த சில நிறங்களும் சாம்பல் பூசியதுபோல இருக்கின்றன என்று ஆடுபவர்கள் ஆண்டுக்கணக்காகச் சொன்ன பிறகு, 2020 டிசம்பரில்தான் நூற்றுக்கும் மேற்பட்ட புதிய நிறங்களைச் சேர்த்தார்கள். ஆறு வருடம்! இத்தனை பேர் வேலை செய்யும் ஒரு துறைக்கு, உலகத்தில் கோடிக்கணக்கானவர்களின் தோல் நிறம் பிற்சேர்க்கையாகத்தான் தோன்றியிருக்கிறது. இப்போது நிறங்கள் வெதுவெதுப்பு (மஞ்சள் சாயல்), நடுநிலை, குளிர்ச்சி (நீலச் சாயல்) என்று பிரிக்கப்பட்டிருக்கின்றன. மாநிறமாக இருந்தாலும் கறுப்பாக இருந்தாலும் முதலில் வெதுவெதுப்புப் பகுதியில் தேடிப் பாருங்கள். அதன் கீழே உள்ள பட்டையை நகர்த்தி ஒளியைக் கூட்டிக் குறைக்கலாம். திரையில் தெரியும் நிறத்தை அவளுடைய முன்கைக்குப் பக்கத்தில் பிடித்து, பகல் வெளிச்சத்தில் ஒப்பிடுங்கள். கூட நின்று "இன்னும் கொஞ்சம் வெளுப்பாக வை" என்று சொல்பவர்களை அறைக்கு வெளியே அனுப்புங்கள், அது பாட்டியாக இருந்தாலும் சரி.

முகம் முடிந்ததும் ஆட்டத்துக்குள் விடுவதற்கு முன் அவளுடைய சொந்த நூலகப் பகுதியில் சேமித்து வையுங்கள். வீட்டுக்குள் நடக்கவிட்டுப் பார்க்கும்போது கேமரா தொலைவில் இருக்கும், நுணுக்கம் மங்கும். அப்போது புருவத்தையும் மூக்கையும் நிஜத்தைவிட ஒரு பிடி கூட்ட வேண்டியிருக்கும். சேமித்தது இருந்தால் திரும்ப எடுத்துத் திருத்தலாம்.

முடியும் உடையும் தேடி அவள் இணையத்தில் மோட் (ஆடுபவர்களே செய்து பகிரும் கூடுதல் சேர்க்கைகள்) தளங்களுக்குப் போவாள். ரெட்டை ஜடையும் பாவாடை தாவணியும் அடிப்படை ஆட்டத்தில் தேடிக் களைத்த பிள்ளைகள் வேறு என்ன செய்வார்கள்? போகட்டும், ஆனால் ஒரு கட்டுப்பாட்டோடு. முடி, துணி, பொட்டு எல்லாம் "பேக்கேஜ்" என்று முடியும் கோப்புகளாகத்தான் வரும். "எக்ஸ்இ" என்று முடியும் எதையும் திறக்கக் கூடாது. "ஸ்கிரிப்ட்" என்று முடிபவை ஆட்டத்துக்குள் நிரலை ஓடவிடுபவை. ஒரு ஜடைக்கு அது தேவைப்படாது. 2024 தொடக்கத்தில் பெயர்பெற்ற மோட் தளங்களிலேயே சிம்ஸ் 4 மோட்களுக்குள் தகவல் திருடும் நிரலை ஒளித்து ஏற்றிவிட்டார்கள். டெலிகிராமில் "எல்லாப் பேக்கும் இலவசம்" என்று சுற்றுபவற்றில் என்ன இருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. அடிப்படை ஆட்டமே 2022 அக்டோபரிலிருந்து இலவசம்தான், அதைக்கூடக் காசுக்கு விற்கும் ஆட்கள் இருக்கிறார்கள்.

சட்டத்தைப் பற்றியும் சொல்கிறேன். நம் நாட்டின் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் 2023-ல் நிறைவேறியது. 18 வயதுக்கு உட்பட்டவர்களின் தரவைக் கையாளப் பெற்றோரின் சரிபார்க்கத்தக்க சம்மதம் வேண்டும் என்கிறது. அதற்கான விதிகள் 2025 நவம்பரில்தான் வந்தன. முக்கியமான கடமைகள் நடைமுறைக்கு வர அதிலிருந்தும் 18 மாதம் அவகாசம். பிள்ளைகள் ஒவ்வொரு வாரமும் ஒரு புது ஆப்புக்குத் தங்கள் முகத்தைக் கொடுத்துக்கொண்டிருக்கிறார்கள், சட்டம் தவணை முறையில் வருகிறது. அதுவரை காவல் நீங்கள்தான்.

இன்றைக்கே செய்ய வேண்டியவை: கணக்கின் பாஸ்வேர்டை மாற்றுங்கள், இரட்டைச் சரிபார்ப்பைப் போடுங்கள், அதில் உங்கள் போன் எண் இருக்கட்டும். அந்த நபருக்கு, போட்டோக்களை அழித்துவிடும்படி எழுத்தில் ஒரு செய்தி அனுப்பி, அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். பிறகு பிளாக் செய்யுங்கள். பணம் ஏற்கெனவே போயிருந்தாலோ, போட்டோவை வைத்து மிரட்டினாலோ சைபர் குற்ற உதவி எண்ணான 1930-க்கு அழையுங்கள், தயங்கிக்கொண்டு இரவைக் கடத்தாதீர்கள். உங்கள் மகள் தன் பாத்திரத்தைக் கேலரியில் ஏற்ற ஆசைப்பட்டால் ஏற்றட்டும். ஆனால் பெயரிலும் குறிப்பிலும் அவளுடைய உண்மைப் பெயர், பள்ளி, ஊர் எதுவும் இருக்கக் கூடாது.